பதினோராம் நாட்டில் ஆக்கிரமிப்பு

துயில்வெளிப் படலம் என்று ஒரு பழைய நூல். மனிதர்கள் தூக்கத்தில் போய்வருகிற பதினோரு நாடுகளை எல்லைக்கோடு போட்டு வரைந்து வைத்திருக்கிறது. எந்த நாட்டில் பல் கொட்டும், எந்த நாட்டில் உடம்பில் துணியில்லாமல் சந்தை நடுவே நிற்க நேரிடும், எந்த நாட்டில் ஓடினாலும் கால் நகராது என்பதெல்லாம் அதில் தெளிவாக இருக்கிறது. எழுதியவர் யார் என்று தெரியாது. நன்றாகத் தூங்கியவர் என்பது மட்டும் தெரிகிறது.

அந்த நூலை ஆராய்வதற்கென்று ஒரு நிறுவனம். பெரிய கட்டடம், அதற்கேற்ற வாசல், வாசலுக்கேற்ற காவலாளி. அங்கே வேலைக்குச் சேருகிறவர்களுக்கு ஒரே ஒரு தகுதிதான் முக்கியம். கனவு காணக் கூடாது. கனவு காண்கிறவன் தான் பார்த்ததை வைத்து நூலை எடைபோட ஆரம்பித்துவிடுவான், ஆராய்ச்சியின் நடுநிலை கெட்டுப்போகும் என்று நிறுவனத்தைத் தொடங்கியவர்கள் விதி எழுதி வைத்துவிட்டுப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். ஆகவே ஆராய்ச்சியாளர்கள் வீட்டில் தலைமாட்டில் அலாரம் வைத்துக்கொண்டு, தூக்கம் ஆழமாவதற்குள் எழுந்து உட்கார்ந்துவிடுவார்கள். எல்லோருக்கும் கண் சிவந்து, கன்னம் ஒட்டி, பேச்சின் நடுவே தலை தொங்கும். அந்தக் கட்டடத்தில் அதற்குப் புலமை என்று பெயர்.

இப்படிப்பட்ட இடத்திலிருந்து ஒரு மெத்தைக்கு ஆர்டர் வந்தபோது மெத்தைக்காரருக்கு முதலில் நம்பிக்கை வரவில்லை.

"யாரு சார் படுக்கப் போறாங்க? அளவு சொன்னாத் தைக்கச் சுலபமா இருக்கும்" என்று கேட்டார்.

"நூல்" என்றான் ஆர்டர் கொண்டுவந்த பியூன்.

"தையல் நூலா?"

"புஸ்தகம்யா. மரப்பலகையிலயே கெடந்து அதுக்கு முதுகு வலிக்குமாம். ஆட்சிக்குழுவுல முடிவு பண்ணிட்டாங்க."

ஆட்சிக்குழுவில் யாரோ ஒருவர் அரைத்தூக்கத்தில் அப்படிச் சொல்லியிருக்கிறார். மறுத்துப் பேசினால் நூலின் மேல் மரியாதை இல்லை என்று ஆகிவிடும் என்பதால் யாரும் வாய் திறக்கவில்லை. கைக்கடக்கமான நூல்தான். ஆனால் சின்ன மெத்தை தைத்தால் நூலைச் சின்னதாக நினைத்த மாதிரி ஆகும் என்று ஆள் படுக்கிற அளவுக்கே கேட்டிருந்தார்கள்.

மெத்தைக்காரர் தைத்தார். இதற்கு முன்பெல்லாம் அவர் பஞ்சு அடைப்பார், அவர் மனைவி ஓரம் தைப்பாள். ஊசியை உதட்டில் கடித்துக்கொண்டே ஊர் வம்பு பேசுகிற திறமை அவளுக்கு மட்டும்தான் இருந்தது. போன வருடம் ஆஸ்பத்திரியில் படுத்தவள் திரும்பி வரவில்லை. தொண்டை வறண்டு கிடக்கிறது, கீழே போய் டீ வாங்கி வாங்க என்று அவரை அனுப்பினாள். அவர் டீயோடு வருவதற்குள் போய்விட்டாள். ஒரு வார்த்தை பேசிக்கொள்ள முடியாமல் போனது அவருக்கு நெஞ்சில் முள்ளாகத் தைத்துக் கிடந்தது.

அதைவிடப் பெரிய ஆற்றாமை ஒன்று உண்டு. அவள் எல்லோருடைய கனவிலும் வந்தாள். மகளின் கனவில் வந்து தலை பின்னிவிட்டாள். பக்கத்து வீட்டுக்காரியின் கனவில் வந்து, கொடுத்த தலையணை உறையைத் திருப்பிக் கேட்டிருக்கிறாள். கட்டின புருஷன் கனவில் மட்டும் ஒருநாள்கூட எட்டிப் பார்க்கவில்லை.

"உங்ககிட்ட வர்றதுக்கு அம்மாவுக்கு என்னப்பா அவசரம்? மெதுவா வருவாங்க" என்று மகள் சமாதானம் சொல்வாள். அவர் சரி என்று தலையாட்டிவிட்டு, உள்ளே போய்ச் சண்டைக்காரனைப் போலத் தலையணையைக் குத்திச் சரிசெய்து படுப்பார். ஒன்றும் வராது.

மெத்தையை இயக்குநரின் அறையில், நூல் இருந்த கண்ணாடிப் பெட்டிக்குப் பக்கத்தில் போட்டார்கள். இயக்குநர் ஏதோ கூட்டத்தில் இருந்தார். பியூன் கையெழுத்து வாங்கப் போனான். மெத்தைக்காரருக்கு ஒரு பழக்கம். புது மெத்தையில் தானே ஒருமுறை படுத்து, எங்கே பஞ்சு கட்டி நிற்கிறது என்று முதுகால் பார்க்காமல் ஒப்படைக்க மாட்டார். படுத்தார். குளிர்சாதனம் மெல்ல முனகிக்கொண்டிருந்தது. அந்தக் கட்டடம் கட்டிய நாளிலிருந்து அங்கே யாரும் செய்யாத காரியத்தை அவர் சற்றும் சிரமமில்லாமல் செய்தார்.

ஒரு நீலக் கதவு. அதன் நிலையில் சாய்ந்தபடி அவள். உதட்டில் ஊசி. அவரைப் பார்த்ததும் ஊசியை எடுத்து முந்தானையில் குத்திக்கொண்டு, "ஏங்க, உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்னு இருந்தேன்" என்றாள்.

"எழுந்திரிங்க" என்றது ஒரு குரல். அவளுடையது இல்லை. இயக்குநர் தோளைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தார்.

மெத்தைக்காரர் எழுந்து உட்கார்ந்து அழுதார். இயக்குநர் அதை எதிர்பார்க்கவில்லை. மன்னிப்பு எதிர்பார்த்தார்.

"நூலோட படுக்கையில படுத்திருக்கீங்க. தெரியுமா?"

"அவ ஏதோ சொல்ல வந்தா சார். அதுக்குள்ள எழுப்பிட்டீங்களே."

"யாரு?"

"என் சம்சாரம் சார். நீலக் கதவுகிட்ட நின்னுக்கிட்டிருந்தா."

இயக்குநர் ஓடிப்போய்க் கதவைச் சாத்தினார். பிறகு திறந்து, துணை இயக்குநரைக் கூப்பிட்டார். பிறகு மறுபடியும் சாத்தினார்.

விஷயம் இதுதான். துயில்வெளிப் படலத்தின் கடைசி ஏட்டில் பதினோராம் நாட்டைப் பற்றி 'அங்கே ஒரு நீலக் கதவு' என்பது வரைக்கும்தான் இருக்கிறது. அதற்கப்புறம் பூச்சி அரித்துவிட்டது. மிச்சம் ஓர் ஓட்டை. அந்த ஓட்டையின் வடிவம்தான் பதினோராம் நாட்டின் வரைபடம், ஓட்டைக்குள் ஒன்றுமில்லாததால் அந்த நாட்டிலும் ஒன்றுமில்லை என்று நிரூபித்து இயக்குநர் முனைவர் பட்டம் வாங்கியிருந்தார். முன்னுரையில் எல்லோருக்கும் நன்றி சொன்னவர் பூச்சியை மட்டும் மறந்துவிட்டார். துணை இயக்குநர் எதிர்க்கட்சி. ஓட்டையின் நீளத்தை அளந்து பார்த்து, அங்கே 'அரசி' என்ற சொல்தான் இருந்திருக்க முடியும் என்று அவர் ஒரு புத்தகம் போட்டிருந்தார். இந்தச் சண்டையில் இரண்டு பேரும் தலை நரைத்துவிட்டார்கள். ஒரே வாசல் வழியாக உள்ளே வரமாட்டார்கள்.

இந்த நிலையில் ஒரு மெத்தைக்காரர் போய்ப் பார்த்துவிட்டு வந்து நின்றால் யாருக்குத்தான் பொறுக்கும்?

"சார், இன்னும் கொஞ்ச நேரம் படுத்துக்கட்டுமா? அவ அங்கயேதான் நிப்பா. என்ன சொல்ல வந்தான்னு கேட்டுட்டு வந்துர்றேன்" என்று அவர் கெஞ்சினார்.

"அதெல்லாம் முறைப்படி நடக்கணும்" என்றார் இயக்குநர். முறைப்படி என்றால் மெத்தையைச் சுற்றிக் கயிறு கட்டி, 'தொடாதீர்' என்று எழுதிப் போட்டார்கள். நூல் பழையபடி பலகையிலேயே கிடந்தது.

அன்றைக்கே விசாரணை ஆரம்பமாகிவிட்டது.

"தலையில கிரீடம் இருந்துச்சா?" துணை இயக்குநர்தான் முதலில் கேட்டார்.

"இல்லைங்க. வாயில ஊசி இருந்துச்சு."

"ஊசி. அதாவது சின்ன அளவில் ஒரு செங்கோல்." அவர் குறித்துக்கொண்டார்.

"அவ செங்கோலெல்லாம் பிடிச்சதில்லைங்க."

"அது உங்களுக்குத் தெரியாம இருக்கலாம். வீட்டுல எல்லாத்தையும் சொல்லுவாங்களா?"

இயக்குநர் மேசையைத் தட்டினார். "பதினோராம் நாடு வெறுமை. வெறுமைக்குள்ள ஒரு அம்மா நிக்க முடியாது. நீங்க கனவைத் தப்பாக் கண்டிருக்கீங்க."

"தப்பாக் காண்றது எப்படிங்க?"

"நூல்ல இல்லாததைக் காண்றது. ரொம்பப் பேர் செய்யற தப்புதான். நாங்க யாரும் கனவே காணாததால எங்களுக்கு இந்தத் தப்பு வந்ததே இல்லை."

மெத்தைக்காரர் மறுநாளும் போனார், அதற்கு மறுநாளும் போனார். ஒவ்வொரு முறையும் வேறு வேறு அறையில் அதே கேள்வி. ஒவ்வொரு முறையும் அவர் அதையே கேட்டார்: ஒரே ஒருமுறை படுத்துக்கொள்ளலாமா. வீட்டில் படுத்துப் பார்த்தார், கடையில் படுத்துப் பார்த்தார், ஒன்றும் வரவில்லை. அந்த மெத்தையில்தான் அவள் வந்தாள், அங்கேயே மறுபடியும் வருவாள் என்று மனசு அடித்துச் சொன்னது.

"எதுக்குப்பா அங்க போய்க் கை கட்டி நிக்கிறீங்க? கடையைப் பாருங்க" என்று மகள் சலித்துக்கொண்டாள்.

"பாதியில நிக்குதும்மா. அவ சொல்ல வந்தது."

மகள் சாவியை வாங்கிக்கொண்டாள். கடையை அவளே பார்த்துக்கொண்டாள்.

கடைசியில் சரிபார்ப்புத் துயில் ஒன்றுக்கு ஏற்பாடு செய்தார்கள். மெத்தைக்காரர் குளித்து, சவரம் செய்து, நல்ல சட்டை போட்டுக்கொண்டு போனார். மெத்தையைச் சுற்றிலும் நாற்காலி. நாற்காலி நிறைய ஆராய்ச்சியாளர்கள். எல்லா விளக்கும் எரிந்தது. தலைமாட்டில் ஒருவர் அளவுகோலோடு நின்றார். எதை அளக்கப் போகிறார் என்று அவருக்கே தெரியாது, நிற்கச் சொன்னார்கள், நின்றார்.

"இயல்பாத் தூங்குங்க" என்றார் இயக்குநர்.

மெத்தைக்காரர் கண்ணை மூடினார். யாரோ இருமினார்கள். யாரோ இருமுவதைக் கண்டித்தார்கள். கண்டிக்கும் அதிகாரம் யாருக்கு என்று ஒரு வாக்குவாதம் கிளம்பியது. சாயங்காலம் வரை படுத்திருந்துவிட்டு அவர் எழுந்தபோது, நாற்காலியில் இருந்த ஆராய்ச்சியாளர்களில் பாதிப் பேர் தூங்கியிருந்தார்கள். அவர்கள் மேல் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கப்பட்டது. சுவரை வெறித்துக்கொண்டிருந்த ஒருவருக்கு மட்டும் பாராட்டு கிடைத்தது. அவரும் கண்ணைத் திறந்துகொண்டு தூங்கியவர்தான்.

அதோடு விட்டிருந்தால் போயிருக்கும். ஆனால் பொது வெளியில் பேச்சு பரவிவிட்டது. பதினோராம் நாட்டில் மெத்தைக்காரர் பெண்டாட்டி இருக்கிறாளாமே என்று காவலாளியிடம் தெருவில் போகிறவர்கள் கேட்டார்கள். ஆட்சிக்குழு கூடியது. இருக்கிறாளா இல்லையா என்று முடிவுக்கு வர முடியவில்லை. இருக்கிறாள் என்றால் இயக்குநரின் பட்டம் போச்சு. அரசி இல்லை என்றால் துணை இயக்குநரின் புத்தகம் போச்சு. இரண்டு கட்சிக்கும் பொதுவாக ஒரு விஷயம் மட்டும் தென்பட்டது. அந்த அம்மாள் யாராக இருந்தாலும் அனுமதி வாங்கவில்லை.

வாழ்நாளில் முதன்முறையாக இயக்குநரும் துணை இயக்குநரும் ஒரே தாளில் கையெழுத்துப் போட்டார்கள்.

'நீலக் கதவருகே நிற்கும் பெண்மணிக்கு. மேற்படி நாடு இந்நிறுவனத்தின் ஆராய்ச்சி எல்லைக்கு உட்பட்டது. தாங்கள் முன்னனுமதி எதுவுமின்றி அங்கு நின்றுகொண்டிருப்பது எங்கள் கவனத்துக்கு வந்துள்ளது. இதைக் கண்டவுடன் காலி செய்யும்படி கேட்டுக்கொள்ளப்படுகிறீர்கள். தவறினால் தங்கள் கணவரின் தூக்கத்தின் மீது உரிய நடவடிக்கை எடுக்கப்படும்.'

"என்ன நடவடிக்கை சார்?" என்றார் மெத்தைக்காரர்.

"எங்க ஆள் ஒருத்தர் அலாரத்தோட உங்க படுக்கைக்குப் பக்கத்துலயே இருப்பார். எப்பப் படுத்தாலும். உங்க தூக்கம் ஆழமாப் போகாம அவர் பாத்துக்குவார்."

"எவ்வளவு நாளைக்கு?"

"அந்த அம்மா காலி பண்ற வரைக்கும்."

"செத்துப் போனவ சார் அவ. இன்னும் எங்க போவா?"

"அது அவங்க சொந்த விஷயம்" என்றார் இயக்குநர். "நோட்டீஸை நேர்ல கொடுக்கணும். அங்க போய்வரத் தெரிஞ்ச ஆள் நீங்க ஒருத்தர்தான். அதனால இன்னைக்கு நீங்க படுத்துக்கலாம்."

எந்த மெத்தையில் படுக்க விடுங்கள் என்று காலில் விழாத குறையாகக் கெஞ்சினாரோ, அந்த மெத்தையில் படுக்கச் சொல்லி இப்போது அவர்களே கயிற்றை அவிழ்த்தார்கள். பெண்டாட்டியைப் பார்க்கலாம். பார்த்த கையோடு துரத்த வேண்டும். மெத்தைக்காரர் வாழ்க்கையில் யாரையும் அடிக்கக் கை ஓங்கியதில்லை. அன்றைக்கு ஓங்கலாமா என்று ஒரு கணம் நினைத்தார். பிறகு நோட்டீஸை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு படுத்தார். பையில் வைத்தது கனவுக்கும் கூடவே வரும் என்று நூலின் மூன்றாம் ஏடு சொல்கிறதாம்.

இந்த முறை தூக்கம் வராதோ என்ற கவலை தேவைப்படவில்லை. நோட்டீஸின் சட்ட அடிப்படையை விளக்கித் துணை இயக்குநர் பேச எழுந்தார். "இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். சொல்வதற்கு முன்னால், ஏன் சொல்ல வேண்டியிருக்கிறது என்பதைச் சொல்லிவிடுகிறேன். ஏன் என்ற சொல்லை நம் முன்னோர் எப்படிப் புரிந்துகொண்டார்கள் என்று பார்த்தால்..." முன்னோர் வரைக்கும்தான் மெத்தைக்காரர் காதில் விழுந்தது.

நீலக் கதவு. அவள் அதே இடத்தில் நின்றாள், வாயில் ஊசியில்லாமல்.

"எங்க போயிட்டீங்க பாதியில?" என்றாள்.

"எழுப்பிட்டாங்க. நீ என்னமோ சொல்ல வந்தியே."

அவள் கிட்டே வந்து அவர் சட்டைக் காலரைச் சரிசெய்தாள். "அன்னைக்கு டீ வாங்கியாங்கன்னு அனுப்பினேன்ல. எனக்குத் தாகமே இல்லை. போற நேரம் வந்துடுச்சுன்னு தெரிஞ்சுபோச்சு. நீங்க எதிர்ல உக்காந்து பாத்துக்கிட்டே இருந்தா எப்படிங்க போறது? அதான் அனுப்பினேன். பக்கத்துல இல்லாமப் போயிட்டோமேன்னு நீங்க மனசைப் போட்டு உழப்பிக்காதீங்க."

அவர் வாய்விட்டு அழுதார். ஒரு வருடமாக உள்ளே தைத்திருந்தது வெளியே வந்து விழுந்தது. அவருடைய அழுகை அடங்கும் வரை அவள் முதுகைத் தடவிக்கொடுத்தாள். அப்புறம் அவர் பையில் துருத்திக்கொண்டிருந்த தாளைத் தொட்டு, "இது என்ன?" என்றாள்.

"நோட்டீஸ். நீ இங்கிருந்து காலி பண்ணணுமாம்."

"யாரு சொன்னா?"

"இந்த நாட்டைப் பத்தி ஆராய்ச்சி பண்றவங்க."

"அவங்க யாரும் இந்தப் பக்கம் வந்து நான் பார்த்ததே இல்லையே."

"அவங்க தூங்கமாட்டாங்க."

"ஐயோ பாவம்" என்றாள் அவள், உண்மையான வருத்தத்தோடு. "போய்ட்டு வாங்க. அடுத்த தடவை சாவகாசமா வாங்க."

மெத்தைக்காரர் கண்ணைத் திறந்தார். துணை இயக்குநர் இன்னும் முன்னோரைத் தாண்டியிருக்கவில்லை. மெத்தைக்காரர் எழுந்ததைக் கண்டு அறையே முன்னால் சாய்ந்தது. சட்டைப் பையில் நோட்டீஸ் மடிப்புக் கலையாமல் இருந்தது.

"பாத்தீங்களா? கொடுத்தீங்களா?" என்றார் இயக்குநர்.

பார்த்தேன் என்றால் அலாரத்தோடு ஆள் வருவான். இன்று முதல் எந்தப் படுக்கையிலும் அவளைப் பார்க்க முடியாது. மெத்தைக்காரர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அவருக்குப் பொய் சொல்லிப் பழக்கமில்லை. மெத்தையில் கழிவுப் பஞ்சை வைத்துத் தைத்துவிட்டு நல்ல பஞ்சு என்று ஒருநாளும் சொன்னதில்லை.

"யாரும் இல்லை சார்" என்றார். "ஒண்ணுமே இல்லை. வெறும் இடம். நான்தான் அன்னைக்குத் தப்பாக் கண்டுட்டேன்."

அந்த அறையில் அப்படியொரு நிம்மதி பரவியது. இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துணை இயக்குநர்கூடக் கோபப்படவில்லை. அரசி அப்போதைக்கு எங்காவது வெளியே போயிருக்கலாம் என்று சொல்லிவிட்டுக் குறித்துக்கொண்டார். நேரில் போய்வந்த சாட்சியின் வாக்குமூலத்தால் நூல் நிரூபிக்கப்பட்டதாக அங்கேயே தீர்மானம் போட்டார்கள். கை தட்டினார்கள். மெத்தைக்காரரையும் தட்டச் சொன்னார்கள். தட்டினார். எல்லோரும் டீ குடிக்கக் கலைந்தார்கள்.

மெத்தைக்காரர் செருப்பைத் தேடிக் குனிந்தபோது கதவு சாத்தப்படும் சத்தம் கேட்டது. நிமிர்ந்தார். இயக்குநர் மட்டும் திரும்பி வந்திருந்தார். கதவில் முதுகைச் சாய்த்துக்கொண்டார்.

"உண்மையிலேயே யாரும் இல்லையா?"

"இல்லை சார்."

"குள்ளமா ஒரு அம்மா. காது சரியாக் கேக்காது. அதனால சத்தமாப் பேசுவாங்க. அந்த மாதிரி யாராவது, தூரத்துலயாவது..."

மெத்தைக்காரருக்கு ஒரு கணம் புரியவில்லை. புரிந்ததும் இயக்குநர்மேல் இத்தனை நாளாக இருந்த எரிச்சலெல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை. பெற்றவளைத் தேடி நிற்கிற சிவந்த கண்தான் அவர் எதிரே இருந்தது.

"நான் பாக்கலை சார்" என்றார், இந்த முறை பொய்யில்லாமல். "நம்ம ஆளுங்களை நாமதான் போய்ப் பாக்கணும் போல. நீங்களே படுத்துப் பாருங்களேன். மெத்தை நல்ல மெத்தை. நான் வெளிய நின்னு யாரும் வராம பாத்துக்கிறேன்."

இயக்குநர் மெத்தையைப் பார்த்தார். ஒரு எட்டு வைத்தார். குனிந்து அதன் ஓரத்தைக் கையால் தடவினார். பிறகு சட்டென்று நிமிர்ந்துகொண்டார்.

"முடியாது. விதிப்படி அதுக்கு எழுத்து மூலமா அனுமதி வாங்கணும்."

"யார்கிட்ட சார் வாங்கணும்? நான் வேணா போய்க் கேட்டுப் பாக்கறேன்."

"என்கிட்டதான்" என்றார் இயக்குநர். சற்று யோசித்துவிட்டு, மிகுந்த வருத்தத்தோடு தலையை அசைத்தார். "கிடைக்காது. எனக்கு நல்லாத் தெரியும்."